கண்ணாடியில் ஒட்டிய விலைக்கே கார் கிடைக்கட்டும்

மிச்சிகன் மாநிலச் சட்டமன்றத்தின் இரு அவை உறுப்பினர்களுக்கும்,

வணக்கம். நான் ட்ராய் நகரில் இருபத்தைந்து வருடங்களுக்கு மேலாகக் குடியிருப்பவன். கார் இருக்கையின் உள்ளே இருக்கும் இரும்புச் சட்டத்தை வடிவமைப்பது என் வேலை. டெட்ராய்ட்டின் மூன்று பெரிய கம்பெனிகளான ஜி.எம்., ஃபோர்டு, கிரைஸ்லர் கார்களிலும் ஏதோ ஒரு காலத்தில் என் கை பட்ட இருக்கை போயிருக்கிறது. இந்த மடலை ஆங்கிலத்தில் எழுதி என் தொகுதி உறுப்பினரின் அலுவலகத்துக்கு ஏற்கெனவே அனுப்பிவிட்டேன். தமிழில் தனியாக எழுதுவதற்குக் காரணம் உண்டு. ட்ராய், நோவை, கேன்டன், ஃபார்மிங்டன் ஹில்ஸ் பக்கமெல்லாம் இந்தக் கார் தொழிலை நம்பித்தான் எங்கள் ஆட்கள் ஆயிரக்கணக்கில் வாழ்கிறார்கள், கார் செய்கிற இடத்தில் இருந்துகொண்டே கார் வாங்கும்போது அவர்கள் படுகிற பாடு எனக்குத் தெரியும், அவர்களும் இதைப் படித்துவிட்டு உங்களுக்கு எழுத வேண்டும்.

கேட்க வந்தது இரண்டே விஷயம். காரின் முழு விலையை முதல் பேச்சிலேயே சொல்ல வேண்டும், கேட்காத பொருளைத் தலையில் கட்டக் கூடாது என்று நம் மாநிலத்துக்கு ஒரு சட்டம் வேண்டும். அப்புறம், கார் கம்பெனிகளிடமிருந்து டீலர்களைக் காக்கும் சட்டத்திலிருந்து 2014இல் நீங்கள் எடுத்த ‘தன்’ என்ற ஒரே ஒரு சொல்லைத் திரும்ப அதே இடத்தில் வைக்க வேண்டும். ஏன் என்பதைச் சொல்லத்தான் இவ்வளவு நீளம்.

2022 மார்ச், ஒரு வெள்ளிக்கிழமை சாயங்காலம். விருதுநகர் பக்கத்திலிருந்து வேலைக்கு வந்து நான்கு மாதம்கூட ஆகாத ஒரு தம்பியும் அவன் மனைவியும் கைக்குழந்தையோடு என்னைத் துணைக்குக் கூப்பிட்டார்கள். “அண்ணே, நீங்க கார் கம்பெனி ஆளு, நீங்க கூட வந்தா ஏமாத்த மாட்டாங்க” என்றான். சிப் தட்டுப்பாட்டால் கார் உற்பத்தி குறைந்திருந்த காலம் அது. நூறு கார் நிற்கும் டீலர்ஷிப் மைதானத்தில் பதினைந்து கார்களை இடைவெளி விட்டுக் குறுக்காக நிறுத்தி இடத்தை நிரப்பியிருந்தார்கள். அவர்கள் பார்த்த சின்ன எஸ்.யு.வி.யின் கண்ணாடியில் சட்டப்படி ஒட்ட வேண்டிய ஸ்டிக்கர் இருந்தது, 29,000 சொச்சம் டாலர். அதன் பக்கத்திலேயே அதே எழுத்து, அதே கட்டம், அதே அளவுத் தாளில் இன்னொரு ஸ்டிக்கர். டயரில் நைட்ரஜன் நிரப்பியதற்கு 199. கதவு விளிம்புக்குப் பிளாஸ்டிக் பட்டை 249. பெயிண்ட் பாதுகாப்பு 1,295. கடைசி வரி ‘மார்க்கெட் அட்ஜஸ்ட்மென்ட்’, அதாவது கார் கிடைக்காத நேரம் என்று டீலர் ஏற்றிய தொகை, 3,995. ஆகமொத்தம் 5,738 டாலர் கூடுதல். அந்தப் பெண் இரண்டு தாளையும் விரலால் தொட்டுத் தொட்டுப் படித்துவிட்டு, “இதுல எதுண்ணே நிஜ விலை?” என்று கேட்டாள். என்னிடம் சட்டென்று பதில் இல்லை.

உள்ளே போனோம். விற்பனையாளர் நல்ல பையன், அவன்மேல் எனக்குக் கோபமில்லை. அவன் ஒரு தாளை எடுத்துக் குறுக்கும் நெடுக்குமாக இரண்டு கோடு போட்டு நான்கு கட்டமாக்கினான். கார் விலை, பழைய காருக்கு என்ன தருவோம், முன்பணம், மாதத் தவணை. இந்தத் தொழிலில் இருப்பவர்களுக்கெல்லாம் அந்த நான்கு கட்டத்தாள் தெரியும். ஒரு கட்டத்தில் குறைத்துக் காட்டினால் இன்னொன்றில் ஏறியிருக்கும், வாங்குகிறவர் கண் எப்போதும் கடைசிக் கட்டத்தில்தான் நிற்கும். “மாதம் எவ்வளவு கட்ட முடியும்?” என்று அவன் மூன்று தடவை கேட்டான். மொத்த விலையை ஒரு தடவைகூட அவனாகச் சொல்லவில்லை. அப்புறம் ஃபைனான்ஸ் மேலாளரின் சின்ன அறை, கதவு சாத்திய அறை. அங்கே தவணை திடீரென்று இவர்களுக்குக் கட்டுப்படியாகிற தொகைக்கு இறங்கியது. தம்பி பேனாவைக் கையில் எடுத்துவிட்டான். குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டிருந்த அவன் மனைவிதான் தாளைத் தன் பக்கம் திருப்பி மூலையில் இருந்த எண்ணைக் காட்டினாள். 84. அறுபது மாதம் என்று பேச ஆரம்பித்த கடன் எண்பத்து நான்கு மாதமாகியிருந்தது. ஏழு வருடம். எனக்கே அது கண்ணில் படவில்லை.

ஒன்பதேகாலுக்கு வெளியே வந்தோம். நைட்ரஜனையும் பெயிண்ட் பாதுகாப்பையும் எடுக்க வைத்தோம், கடனை அறுபதுக்குத் திரும்பக் கொண்டுவந்தோம். அந்த 3,995 மட்டும் அப்படியே நின்றது. விட்டுவிட்டு வந்திருக்கலாமே என்று நீங்கள் கேட்கலாம். பேருந்து இல்லாத ஊரில், பனிக்காலத்தில், கைக்குழந்தையோடு இருக்கிறவர்கள் எத்தனை வாரம் காத்திருப்பார்கள்? அந்தக் கட்டாயத்துக்குத்தான் அந்தத் தொகை.

இந்த ஸ்டிக்கருக்கு ஒரு வரலாறு இருக்கிறது. 1950களில் டீலர்கள் வாயில் வந்த விலையைச் சொல்லி, பழைய காருக்கு அதிகம் தருவதுபோல் காட்டி வேறு வழியில் பிடுங்கிக்கொண்டிருந்த நேரம். ஓக்லஹோமா செனட்டர் மைக் மன்ரோனி 1958இல் ஒரு சட்டம் கொண்டுவந்தார். ஒவ்வொரு புதுக் காரின் கண்ணாடியிலும் கம்பெனி சொல்லும் விலை, அதோடு சேரும் பொருட்களின் விலை, கொண்டுவந்து சேர்க்கும் கூலி எல்லாம் அச்சில் இருக்க வேண்டும், வாங்குகிறவர் கைக்குப் போகும்வரை அதைக் கிழிக்கக் கூடாது. இன்றும் பலர் அதை மன்ரோனி ஸ்டிக்கர் என்றுதான் சொல்கிறார்கள். நல்ல சட்டம். ஆனால் அதில் இருப்பது ‘பரிந்துரை’ விலை. பக்கத்தில் இன்னொரு தாளை ஒட்டுவதை அது தடுக்கவில்லை. அந்த ஓட்டை வழியாகத்தான் 3,995 நுழைந்தது.

ஒரே விலைக்குக் கார் விற்பது நம் ஊருக்கு நடக்காத காரியம் என்று யாராவது உங்களிடம் சொன்னால், சாட்டர்னை நினைத்துப் பாருங்கள். ஜி.எம். 1985இல் தொடங்கிய கம்பெனி, டென்னசியின் ஸ்பிரிங் ஹில் ஆலையில் 1990இல் முதல் கார் வந்தது. நான் அமெரிக்கா வந்து வாங்கிய முதல் கார் சாட்டர்ன்தான், 1999 மாடல். போனேன், விலை எழுதியிருந்தது, அதுதான் விலை என்றார்கள். நம் ஊர் ஜவுளிக்கடையில் ‘ஒரே விலை’ என்று பலகை மாட்டியிருப்பார்களே, அதுபோல. ஆங்கிலம் அப்போது எனக்குத் தட்டுத் தடுமாறித்தான் வரும். எதிரே இருந்தவரோடு பேரம் பேச வேண்டியிருக்கவில்லை என்பது எவ்வளவு பெரிய நிம்மதி என்று இன்றைக்கும் ஞாபகம் இருக்கிறது. சாவி கொடுக்கும்போது கடையில் இருந்த எல்லோரும், மெக்கானிக் உட்பட, கையைத் துடைத்துக்கொண்டு வந்து சுற்றி நின்று கைதட்டினார்கள். அந்தக் காரின் கதவு பிளாஸ்டிக், கடைவண்டி இடித்தாலும் நசுங்காது. இரண்டு லட்சம் மைலுக்குப் பக்கத்தில் ஓட்டினேன்.

சாட்டர்னை விற்றவர்களும் டீலர்கள்தான், தனியார் முதலாளிகள்தான். ஒரே விலை வைத்தும் அவர்கள் தொழில் நடத்தினார்கள், வாங்கியவர்கள் அவர்களை நேசித்தார்கள். 1994இல் ஸ்பிரிங் ஹில் ஆலையைப் பார்க்க வாருங்கள் என்று சாட்டர்ன் கூப்பிட்டபோது நாடு முழுவதிலுமிருந்து பல்லாயிரம் பேர் தங்கள் காரிலேயே அங்கே போனார்கள். கம்பெனி படுத்ததற்குக் காரணம் விற்ற முறை இல்லை. புது மாடலுக்குப் பணம் போடாமல் ஜி.எம். அதைப் பல வருடம் பட்டினி போட்டது, கடைசியில் 2009 செப்டம்பரில் பென்ஸ்கே என்ற கார் விற்பனை நிறுவனம் வாங்குவதாக இருந்ததும் முறிந்துபோக, மூடிவிட்டார்கள்.

இன்னொன்று, நம் மிச்சிகனிலேயே ஒரே விலை இன்றும் இருக்கிறது. உங்கள் வீட்டிலும் ஒருவராவது அதில் வாங்கியிருப்பார். ஃபோர்டில் வேலை செய்தால் ஏ-பிளான், ஃபோர்டுக்குப் பொருள் கொடுக்கும் கம்பெனி என்றால் எக்ஸ்-பிளான், மற்ற இரண்டு கம்பெனிகளிலும் அதேபோல் வேறு பெயரில். இணையத்தில் போய் ஒரு பின் நம்பர் எடுத்துக் கொடுத்தால் விலை கணக்குப்படி வந்துவிடும், பேரமே கிடையாது. வருடத்துக்கு இரண்டு மூன்று பேராவது என்னிடம் “உங்க கம்பெனில பின் நம்பர் கிடைக்குமா?” என்று கேட்கிறார்கள், முடிந்தவர்களுக்கு எடுத்துக் கொடுக்கிறேன். யோசித்துப் பாருங்கள், கம்பெனிக்குள் ஆள் தெரிந்தவருக்கு ஒரு நேர்மையான விலை, தெரியாதவருக்கு அவர் வாய்க்கேற்ற விலை. 2005 ஜூனில் ஜி.எம். ஊழியர் விலையை எல்லோருக்கும் என்று அறிவித்தது, அந்த மாதம் விற்பனை முந்தைய ஆண்டைவிட 41 சதவீதம் ஏறியது. 2025 ஏப்ரலில் ஃபோர்டும் ஏ-பிளானை எல்லோருக்கும் திறந்துவிட்டது. மக்கள் என்ன செய்தார்கள்? வந்து வாங்கினார்கள். ஆக, இப்படி விற்க முடியும். நினைத்தபோது திறந்து நினைத்தபோது மூடுகிறார்கள், அவ்வளவுதான்.

வாயுள்ள பிள்ளை பிழைக்கும் என்பார்கள் எங்கள் பக்கம். கத்தரிக்காய்ச் சந்தைக்கு அது சரி. சிகாகோ பகுதி டீலர்ஷிப்களுக்கு ஒரே மாதிரி பேசப் பயிற்சி கொடுத்து ஆட்களை அனுப்பி 1990 வாக்கில் ஓர் ஆய்வு செய்தார்கள். வெள்ளைக்கார ஆண்களுக்குச் சொன்ன விலையைவிடப் பெண்களுக்கும் கறுப்பினத்தவருக்கும் கூடுதலாகச் சொன்னார்கள் என்று அதில் வெளிவந்தது. ஒரே பேச்சு, ஒரே கார், ஆளைப் பார்த்து விலை. மொழி தடுமாறுகிறவர்களுக்கு என்ன விலை என்று தெரிய எனக்கு ஆய்வு தேவையில்லை.

இதையெல்லாம் படித்துவிட்டு, இவர் டீலர்களே வேண்டாம் என்கிறார் என்று நினைத்துவிடாதீர்கள். அப்படி நினைப்பவர்களோடு எனக்குச் சண்டையே உண்டு. டீலர்களைக் காக்கும் சட்டங்கள் சும்மா வரவில்லை. 1920-21 மந்தத்தில் ஹென்றி ஃபோர்டுக்குக் கடன் நெருக்கியபோது, டீலர்கள் கேட்காமலேயே ரயில் ரயிலாகக் கார்களை அனுப்பி, பணத்தைக் கட்டி எடுத்துக்கொள், இல்லாவிட்டால் உரிமம் போகும் என்றார். அவர்கள் தங்கள் ஊர் வங்கிகளில் கடன் வாங்கி ஃபோர்டின் கடனை அடைத்தார்கள். இப்படி முப்பது நாற்பது வருடம் மிதிபட்ட பிறகுதான் 1956இல் டீலர் தன் கம்பெனிமேல் வழக்குப் போட வழி செய்யும் சட்டம் மத்தியில் வந்தது, மாநிலங்களும் ஒவ்வொன்றாகச் சட்டம் போட்டன. நம்முடையது 1981இல் வந்தது.

இந்தச் சட்டம் இல்லாத ஊர் எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும். இந்தியாவில் அப்படி ஒரு சட்டம் இல்லை. ஜி.எம். 2017 கடைசியில் அங்கே கார் விற்பதை நிறுத்தியது. 2021 செப்டம்பர் 9 அன்று ஃபோர்டு, சென்னைக்குப் பக்கத்திலுள்ள மறைமலை நகர் ஆலையையும் குஜராத்தின் சனந்த் ஆலையையும் மூடப்போவதாகச் சொன்னது. ஆலைத் தொழிலாளிகள் பற்றி எல்லோரும் எழுதினார்கள், எழுத வேண்டியதுதான். ஆனால் வீட்டை அடமானம் வைத்து ஷோரூம் கட்டிய டீலர்களுக்கு என்ன என்று கேட்க ஒரு சட்டப் பிரிவு இல்லை. இந்திய டீலர்கள் சங்கம் அன்றுமுதல் அமெரிக்காவில் இருப்பதுபோல ஒரு சட்டம் வேண்டும் என்று கேட்டுக்கொண்டே இருக்கிறது. அதனால் டீலர் சட்டத்தை அடியோடு எடுக்கச் சொல்லும் ஆள் நான் இல்லை.

இங்கேயும் நடந்ததே. 2009 மே 14, கிரைஸ்லர் திவாலில் இருந்தபோது 789 டீலர்களுக்கு ஒரே நாளில் கடிதம் போனது. தன் டீலர்களில் நான்கில் ஒரு பங்கு. மூன்றரை வாரத்தில் கதவைச் சாத்த வேண்டும், நிற்கும் கார்களை அதற்குள் விற்றுக்கொள்ள வேண்டும். மறுநாள் ஜி.எம். ஏறக்குறைய 1,100 பேருக்கு உரிமத்தைப் புதுப்பிக்க மாட்டோம் என்று சொன்னது. திவால் நீதிமன்றத்துக்கு முன்னால் மாநிலச் சட்டங்கள் நிற்கவில்லை. அந்த ஆண்டு டிசம்பரில் நாடாளுமன்றம் தலையிட்டு நடுவர் முன் முறையிட வழி செய்தது, சிலர் திரும்பினார்கள், பலருக்கு அதற்குள் எல்லாம் போய்விட்டது.

அதில் ஒருவரை எனக்குத் தெரியும். 2004 டிசம்பர், ஐ-75 சாலையில் வடக்கே போகும்போது என் கார் ஒரு சின்ன ஊரில் நின்றுவிட்டது. ஆல்டர்னேட்டர். வெளியே பனி, பின்னால் நான்கு வயது மகள். அந்த ஊர் டீலர் விற்கும் பிராண்டே இல்லை என் கார். கடை மூடும் நேரம். அவர் பக்கத்து ஊருக்கு ஆள் அனுப்பிப் பாகத்தை வரவழைத்து, மெக்கானிக்கை நிறுத்திவைத்து, எட்டு மணிக்கு எங்களை அனுப்பினார். காத்திருந்த நேரத்தில் அவர் மனைவி வீட்டிலிருந்து சூப் கொண்டுவந்து கொடுத்தார். அடுத்தடுத்த வருடங்களில் அந்த வழி போகும்போதெல்லாம் உள்ளே போய் ஒரு வார்த்தை பேசிவிட்டுத்தான் போவோம். 2009 இலையுதிர் காலத்தில் போனபோது கம்பத்தில் பெயர்ப்பலகை இல்லை, அதைத் தாங்கிய இரும்புச் சட்டகம் மட்டும் நின்றது. ஊர்ப் பள்ளிக்கூடத்து பேஸ்பால் சட்டையில் அவர் கடைப் பெயர்தான் இருந்தது என்று எதிர்ப் பெட்ரோல் பங்கில் சொன்னார்கள்.

அவருக்குப் பாதுகாப்பு வேண்டும். சந்தேகமே இல்லை. ஆனால் அவரைக் கம்பெனியிடமிருந்து காப்பதற்காக எழுதிய சட்டம், 2014இல் உங்கள் கையில் வேறொன்றாக மாறியது. அதுவரை சட்டம் சொன்னது, கார் கம்பெனி ‘தன்’ டீலர்கள் வழியாக அல்லாமல் நேரடியாகப் பொதுமக்களுக்கு விற்கக் கூடாது என்று. நியாயமான வாசகம். டீலரை வைத்துக்கொண்டே அவருக்கு எதிரில் கடை போடாதே என்று அர்த்தம். அந்த வருட மசோதாவில் அந்தத் ‘தன்’ என்ற சொல்லை எடுத்தீர்கள். கிட்டத்தட்ட எல்லோரும் கைதூக்கினீர்கள், ஆளுநர் ரிக் ஸ்னைடர் அக்டோபரில் கையெழுத்துப் போட்டார். ஒரு சொல் போனதும் அர்த்தமே மாறியது. டீலரே இல்லாத கம்பெனி, யாரையும் ஏமாற்றாத கம்பெனி, அதுவும் இங்கே விற்க முடியாது. டீலர் வைக்காமல் தானே விற்கும் டெஸ்லாவுக்காகப் போட்ட பூட்டு என்று அன்றைக்கு இந்த ஊரில் எல்லோருக்கும் தெரியும்.

டெஸ்லா 2016இல் வழக்குப் போட்டது. 2020 ஜனவரியில் சமரசம் வந்தது. அந்தச் சமரசப்படி, மிச்சிகனில் இருப்பவர் காரை இங்கேயே பார்க்கலாம், ஓட்டிப் பார்க்கலாம், இங்கேயே எடுத்துக்கொள்ளலாம், பழுதும் பார்த்துக்கொள்ளலாம். ஆனால் சட்டக் கணக்கில் விற்பனை வேறு மாநிலத்தில் நடக்க வேண்டும். கார் உலகத்தின் தலைநகரம் என்று பெயர் வாங்கிய மாநிலத்தில் ஒரு காரை வாங்குவதற்குக் காகிதத்தில் எல்லை தாண்ட வேண்டியிருக்கிறது. நம் லிவோனியாவிலும் பிளைமவுத்திலும் பல வருடம் இருந்து வளர்ந்த மின்கார் கம்பெனி ரிவியனும் நேரடியாக விற்கும் கம்பெனிதான். அதன் முதல் வண்டிகளுக்கு வரைபடம் போட்ட இளைஞர்களில் எங்கள் ஆட்களும் உண்டு.

நேரடி விற்பனை என்றால் எல்லாம் சொர்க்கம் என்று நான் சொல்லவில்லை. டெஸ்லா 2023 ஜனவரியில் ஒரே இரவில் விலையை ஆயிரக்கணக்கில் குறைத்தபோது, முந்தின வாரம் வாங்கியவர்கள் வயிறெரிந்தார்கள். ஒரு பாகத்துக்கு வாரக்கணக்கில் காத்திருந்தவர்களை எனக்குத் தெரியும். என்றாலும் அன்றைய தேதியில் அங்கே எல்லோருக்கும் ஒரே விலை. விருதுநகர்த் தம்பிக்கும் உங்களுக்கும் ஒரே விலை.

டீலர்கள் சொல்லும் எல்லாவற்றையும் நான் தள்ளுவதும் இல்லை. 2023 நவம்பரில் ஏறக்குறைய நாலாயிரம் டீலர்கள் சேர்ந்து, மின்கார்கள் எங்கள் மைதானத்தில் தேங்கி நிற்கின்றன, இவ்வளவு வேகம் வேண்டாம் என்று ஜனாதிபதிக்குத் திறந்த மடல் எழுதினார்கள். அன்றைக்கு எனக்குக் கோபம் வந்தது. இப்போது பார்த்தால், வாங்க வருகிறவர் முகத்தை நேரில் பார்க்கிறவர்கள் சொன்னதில் உண்மை இருந்திருக்கிறது. 2025 செப்டம்பரோடு 7,500 டாலர் வரிச் சலுகை முடிந்தது, டிசம்பரில் ஃபோர்டு மின்கார்த் திட்டங்களுக்காக 19.5 பில்லியன் டாலரை நஷ்டக் கணக்கில் எழுதியது. மின்கார் விற்க வேண்டுமானால் ஒரே விலையில் விற்க வேண்டும், சார்ஜருக்கு ஐந்து லட்சம் டாலர் முதல் 12 லட்சம் வரை போட வேண்டும் என்று அதே ஃபோர்டு 2022இல் டீலர்களிடம் கேட்டது, 2024இல் அந்தத் திட்டத்தையே கைவிட்டது. பணம் போட்டவர்கள் போட்டதுதான். ஜி.எம்.மின் பியூக் டீலர்களில் ஏறக்குறைய பாதிப் பேர் மின்கார் வேண்டாம் என்று கம்பெனியிடம் பணத்தை வாங்கிக்கொண்டு விலகிவிட்டார்கள். டீலர்களும் அலைக்கழிக்கப்படுகிறார்கள், அது தெரிந்துதான் எழுதுகிறேன்.

ஆனால் அலைக்கழிப்பு எல்லாம் கடைசியில் வந்து இறங்குவது வாங்குகிறவர் தலையில். ஃபோர்டின் ஹைலேண்ட் பார்க் ஆலையில் ஓடும் உற்பத்தி வரிசையைக் கொண்டுவந்து, 1908இல் 850 டாலராக இருந்த மாடல் டி-யை 1920களின் நடுவில் 260 டாலருக்கு இறக்கிய ஊர் இது. அதே ஊரில் இன்றைக்குச் சின்னக் கார் இல்லை. ஃபோர்டு 2018இல் ஃபியஸ்டா, ஃபோக்கஸ், ஃபியூஷன் எல்லாவற்றையும் அமெரிக்காவில் நிறுத்துவதாகச் சொன்னது. ஷெவர்லே மாலிபு 2024 நவம்பரில் முடிந்தது. லாபம் பெரிய வண்டியில் என்று எல்லோரும் அங்கே போய்விட்டார்கள், நானும் இப்போது பிக்கப் இருக்கைதான் வரைகிறேன். 2025 ஏப்ரலில் இறக்குமதிக் கார்மேல் 25 சதவீத வரி வந்தது, அடுத்த மாதமே பாகங்கள் மீதும். நாங்கள் செய்யும் ஓர் இருக்கையின் பாகம் அம்பாசிடர் பாலத்தைத் தாண்டிக் கனடாவின் வின்ட்சருக்குப் போய்த் திரும்பி வருவது சர்வ சாதாரணம், அந்தக் கணக்கெல்லாம் குழம்பிப்போனது. 2025 செப்டம்பரில் அமெரிக்காவில் ஒரு புதுக் காரின் சராசரி விலை முதல்முறையாக 50,000 டாலரைத் தாண்டியது என்று கார் விலைகளைக் கணக்கெடுக்கும் கெல்லி புளூ புக் சொன்னது. ஐம்பதாயிரம். இந்த விலையில் ஒருவர் கடன் பத்திரத்தில் கையெழுத்துப் போடும்போது, கூட இரண்டாவது ஸ்டிக்கர் ஒன்றும் ஒட்டியிருக்க வேண்டுமா?

மத்திய அரசு பார்த்துக்கொள்ளும் என்று சொல்லாதீர்கள். பார்த்தது. மத்திய வணிக ஆணையம் 2023 டிசம்பரில் ஒரு விதி அறிவித்தது. முழு விலையைச் சொல்ல வேண்டும், பயனில்லாத பொருளுக்குக் காசு வாங்கக் கூடாது, வாங்குகிறவர் வெளிப்படையாகச் சம்மதிக்காமல் எதையும் சேர்க்கக் கூடாது. நான் கேட்பது கிட்டத்தட்ட இதைத்தான். டீலர் சங்கங்கள் வழக்குப் போட்டன. 2025 ஜனவரி 27 அன்று நியூ ஆர்லியன்ஸில் உள்ள மேல்முறையீட்டு நீதிமன்றம், ஆணையம் முன்னறிவிப்பு நடைமுறையைச் சரியாகப் பின்பற்றவில்லை என்று விதியை ரத்து செய்தது. விதியில் இருந்த விஷயம் தவறு என்று சொல்லவில்லை, வந்த வழி தவறு என்றது. கலிஃபோர்னியா அத்தோடு விடவில்லை, தானே ஒரு சட்டம் எழுதி 2025 அக்டோபரில் ஆளுநரிடம் கையெழுத்தும் வாங்கிவிட்டது. அந்தக் கரையில் அது நடக்கும்போது கார் தலைநகரம் என்று பெயர் வாங்கிய நாம் ஏன் பின்னால் நிற்க வேண்டும்?

இதெல்லாம் மாநிலம் தலையிடும் விஷயமா என்று தயங்கவும் தேவையில்லை. காகித வேலைக்கு டீலர் வாங்கும் டாக்குமென்ட் கட்டணத்துக்கு நீங்கள் ஏற்கெனவே உச்சவரம்பு வைத்திருக்கிறீர்கள். பெரிய கவுன்ட்டிகளில் ஞாயிற்றுக்கிழமை கார் விற்கக் கூடாது என்று 1953இலேயே சட்டம் போட்டவர்கள் நீங்கள், அதை இன்றுவரை காப்பாற்றுகிறீர்கள். எந்தக் கிழமை விற்கலாம் என்று சொல்ல முடிகிறவர்களால் என்ன விலை என்று எழுதி வைக்கச் சொல்ல முடியாதா?

ஆகவே என் கோரிக்கை. விளம்பரத்திலும் தொலைபேசியிலும் முதல் மின்னஞ்சலிலும் சொல்லும் விலை, அரசு வரியும் பதிவுக் கட்டணமும் நீங்கலாக, முழு விலையாக இருக்க வேண்டும். நம் ஊரில் ‘ஆன் ரோடு என்ன வருது?’ என்று ஒரே கேள்வியில் கேட்போம், அந்தக் கேள்விக்கு ஒரே பதில் கிடைக்க வேண்டும். கம்பெனி ஸ்டிக்கருக்குப் பக்கத்தில் அதைப் போலவே தோற்றமளிக்கும் தாளை ஒட்டக் கூடாது. கூடுதல் பொருள் ஒவ்வொன்றுக்கும் தனித்தனிக் கையெழுத்து, வேண்டாம் என்றால் வேண்டாம். தவணையைச் சொல்லும் தாளில் எத்தனை மாதம், மொத்தம் எவ்வளவு கட்டுகிறோம் என்ற இரண்டு எண்ணும் தவணை எண்ணின் அதே அளவில் இருக்க வேண்டும். அப்புறம் 1981 சட்டத்தில் ‘தன்’ என்ற சொல்லைத் திரும்ப வையுங்கள். டீலர் வைத்திருக்கும் கம்பெனி அவருக்குத் துரோகம் செய்யாதபடி அது காக்கும், டீலர் இல்லாத கம்பெனி வெளிப்படையாக இங்கேயே கடை திறக்கும். அப்படித் திறப்பவர்கள் மேல் மிச்சிகனுக்குள்ளேயே பழுதுபார்க்கும் இடம் வைக்க வேண்டும் என்று நிபந்தனை போடுங்கள், அதை முழுமனதாக ஆதரிக்கிறேன். பனியில் வண்டி நின்றால் என்ன ஆகும் என்று எனக்குத் தெரியும்.

இதைப் பற்றி நீங்கள் ஒரு விசாரணைக் கூட்டம் வைத்தால், வேலை நாளானாலும் விடுப்பு எடுத்துக்கொண்டு தலைநகர் லான்சிங் வந்து பேசத் தயாராக இருக்கிறேன். அந்தத் தம்பி இப்போது கேன்டனில் இருக்கிறான், குழந்தைக்குப் பள்ளிக்கூட வயது நெருங்கிவிட்டது, கார் கடன் இன்னும் முடியவில்லை. அவன் மனைவி அன்றைக்கு அந்த இரண்டு ஸ்டிக்கரையும் கண்ணாடியிலிருந்து கிழியாமல் உரித்து ஒரு ஃபைலில் வைத்திருக்கிறாள். நேற்று கேட்டேன், தருகிறேன் என்றாள். இரண்டையும் கொண்டுவந்து உங்கள் மேசையில் பக்கத்தில் பக்கத்தில் வைக்கிறேன்.

இப்படிக்கு,
ட்ராயிலிருந்து ஓர் இருக்கைப் பொறியாளர்